இரண்டு மாதம் குந்தியிருந்தால் போதும்

மட்டக்களப்பு மாவட்டத்தில் காணி பிடிக்க நினைத்திருக்கும் பெருமக்களே! உங்களுக்குப் பணம் வேண்டாம், உறுதி வேண்டாம், நொத்தாரிசும் வேண்டாம். பத்துத் தகரம், இருபது கம்பு, காடு வெட்ட ஒரு கத்தி, அதோடு அறுபது நாள் பொறுமை. இவ்வளவும் இருந்தால் இந்த நாட்டின் சட்டம் உங்களைக் கைவிடாது.

மிகைப்படுத்துகிறேன் என்று நினைப்பவர்கள் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் ஏழாம் பாகத்தைப் புரட்டிப் பாருங்கள். 66ஆம் பிரிவில் தொடங்கி 76இல் முடியும் சின்னப் பாகம். காணித் தகராற்றால் அமைதி குலையும் என்று பொலிஸ் கருதினால் நீதிமன்றத்துக்குத் தகவல் கொடுக்கலாம். பொலிஸ் கருதாவிட்டால் தகராற்றுக்காரரே சத்தியக்கடதாசியோடு போகலாம். 'அறுபத்தாறு போடுறது' என்று கச்சேரி வாசலில் வெற்றிலை மெல்லுகிறவருக்கும் தெரியும். நீதவான் பார்க்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: தகவல் பதிந்த நாளன்று காணிக்குள் இருந்தவர் யார்? உறுதி யாருடையது, பாட்டன் யார், பூட்டன் யார் என்பதெல்லாம் சிவில் நீதிமன்றத்தின் பாடு. ஒருவரை அடித்துத் துரத்திவிட்டுத்தான் மற்றவர் உள்ளே இருக்கிறார் என்றால் துரத்தப்பட்டவருக்குத் திருப்பிக் கொடுக்கலாம். ஆனால் துரத்திய சங்கதி தகவல் பதிவதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் நடந்திருக்க வேண்டும். இரண்டு மாதமும் ஒரு நாளும் ஆகிவிட்டதா? உள்ளே குந்தியிருப்பவர் இனி அத்துமீறியவர் அல்ல, உடைமையாளர். அவரைத் தொந்தரவு செய்தால் நீங்கள்தான் குற்றவாளி.

இதைக் கெட்ட எண்ணத்தோடு எழுதினார்கள் என்று சொல்லமாட்டேன். வரம்புச் சண்டையில் மண்வெட்டி தலையில் இறங்கும் ஊர் இது. தண்ணீர் திருப்பியதற்காகக் கொலை விழுந்த வட்டைகள் படுவான்கரையில் உண்டு. சண்டை மூளுமுன் ஒருவரை உள்ளே இருக்கச் சொல்லி, மற்றவரைச் சிவில் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்வது அந்த நேரத்துக்கு நல்ல யோசனைதான். நீதியரசர் சர்வானந்தா 1982ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில் இதைத் தெளிவாக எழுதினார்: நோக்கம் அமைதியைக் காப்பது, கட்டளை தற்காலிகமானது, உரிமையை அது தீர்மானிப்பதில்லை. விசாரணையைத் தொடங்கி மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டும், முடிந்து ஒரு வாரத்துக்குள் கட்டளை தர வேண்டும் என்று சட்டம் போட்ட கெடுவையும் அதே தீர்ப்புத் தொட்டது. கெடு தவறினால் நீதிமன்றத்தின் அதிகாரம் போய்விடாது என்றது. நீதிமன்றம் சுணங்கியதற்காக வழக்காளி தண்டிக்கப்படக் கூடாது என்ற நல்லெண்ணம் அதில் இருந்தது. அந்த நல்லெண்ணத்தின் முதுகில் ஏறித்தான் நாற்பது வருஷமாகத் தவணைகள் சவாரி போகின்றன.

தவணை என்றால் என்ன என்று வாவியின் இரு கரையிலும் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. வேலையைக் கெடுத்து, பஸ் பிடித்து, வாங்கில் குந்தியிருந்து, பெயர் கூப்பிட்டு, அடுத்த திகதி வாங்கிக்கொண்டு திரும்புவது. இடையில் இடைக்காலக் கட்டளை உண்டு. 67ஆம் பிரிவின்படி விசாரணை முடியும்வரை நீதவான் இடைக்காலமாக ஒரு ஏற்பாடு செய்யலாம். அந்த ஏற்பாடு பெரும்பாலும் எதைக் காக்கும்? இருப்பதை இருந்தபடி காக்கும். நேற்று இரவு வேலி போட்டவருக்கு இதைவிட என்ன வேண்டும்? கட்டளையை மீறினால் தண்டனையும் சட்டத்தில் இருக்கிறது: ஆறு மாதம் வரை சிறை, அல்லது ஆயிரம் ரூபாய் வரை தண்டம், அல்லது இரண்டும். 1979இல் எழுதிய ஆயிரம். இன்று அந்தக் காசுக்கு மோட்டார் சைக்கிள் தாங்கி பாதிகூட நிறையாது.

1979 என்ற வருஷத்தைப் பற்றி ஒரு வார்த்தை. 1978 நவம்பர் 23ஆம் திகதி மட்டக்களப்பைச் சூறாவளி அடித்தது. கூரை பறந்தது, தென்னை சாய்ந்தது, பெட்டிக்குள் இருந்த உறுதிகளும் உத்தரவுப் பத்திரங்களும் வாவியில் மிதந்தன. மறுவருஷம் கொழும்பில் சட்டங்கள் அடித்தன. அரச காணிகளிலிருந்து ஆட்களை எழுப்புவதற்கு 7ஆம் இலக்கம். குற்றவியல் நடவடிக்கைமுறைக்கு 15ஆம் இலக்கம். மகாவலி அதிகார சபைக்கு 23ஆம் இலக்கம். நாம் மேலே பார்த்த 44ஆம் இலக்கம். கடைசியாக 48ஆம் இலக்கம், பயங்கரவாதத் தடை (தற்காலிக ஏற்பாடுகள்) சட்டம். கடைசியாகச் சொன்னதை மூன்று வருஷத்துக்கென்று கொண்டுவந்து, 1982இல் அந்த எல்லையை எடுத்துவிட்டு, நாற்பது வருஷத்துக்கு மேல் ஓட்டினார்கள். சூறாவளி ஒரே இரவில் போய்விட்டது.

இந்தச் சட்டங்களில் பல ஒன்றாக வந்து குந்தியிருக்கும் ஒரு நிலம் மட்டக்களப்பில் இருக்கிறது. பெயர் மயிலத்தமடு, மாதவனை. ஏறாவூர்ப்பற்றுப் பிரதேச செயலகப் பிரிவின் மேற்கு எல்லை, அதற்கப்பால் பொலன்னறுவையும் அம்பாறையும். மகாவலி 'பி' வலயத்தின் வலது கரைக்குள் அடங்குகிறது என்பது காகிதத்தில் உள்ள விலாசம். மாட்டுக்காரருக்கு அது வேறு விலாசம். மாரி தொடங்கி வட்டைகளில் பெரும்போக வெள்ளாமை விதைத்ததும் மாட்டை வயலுக்குள் விட முடியாது. விதைப்புக் கூட்டத்தில் திகதி குறித்து, அதற்குள் மாட்டை அப்புறப்படுத்துங்கள் என்று அரசாங்கமே அறிவிக்கும். பட்டிகளை மேற்கே சாய்த்துக்கொண்டு போவார்கள். வெள்ளாமை வெட்டியபின் மாடு வயலுக்குத் திரும்பும், வைக்கோலும் தாளடியும் தின்னும், வயலுக்கு எருவும் கிடைக்கும். தலைமுறை தலைமுறையாக இதுதான் நடப்பு. ஆயிரத்தை நெருங்கும் குடும்பங்கள் இதில் சீவிக்கின்றன. மாடுகள் இலட்சக்கணக்கில் என்பது பண்ணையாளர் சொல்லும் கணக்கு. அவர்கள் கையில் உறுதி இல்லை. மாட்டின் தொடையில் சுட்ட குறி இருக்கிறது.

இப்போது அந்தப் பட்டிக்காரரில் ஒருவர் 'அறுபத்தாறு' வழக்கில் சாட்சிக் கூட்டில் ஏறுகிறார் என்று வையுங்கள்.

"அந்தக் காணியில் உங்களுக்கு வீடு உண்டா?"

"வீடு இல்லை ஐயா. பட்டி கிடக்கு, வாடி கிடக்கு."

"வேலி?"

"வேலி போட்டா மாடு எங்க ஐயா மேயிற?"

"கிணறு?"

"குளம் கிடக்கு. ஆனை குடிக்கும், மாடு குடிக்கும், நாங்களும் குடிப்பம்."

"பயிர் ஏதும் வைத்தீர்களா?"

"புல்லு தானா முளைக்கும் ஐயா."

"தகவல் பதிந்த நாளன்று எங்கே இருந்தீர்கள்?"

"வெள்ளாமை வெட்டி முடிஞ்ச நேரம். மாட்ட இங்கால சாய்ச்சிட்டம்."

"அப்படியென்றால் காணியில் இல்லை."

"இல்லை ஐயா. மாரிக்குத் திரும்பப் போவம்."

திரும்பப் போவது உடைமை ஆகாது. வெளியிலிருந்து வந்து அந்த நிலத்தில் சோளம் போட்டவருக்கு வாடி இருக்கிறது, வேலி இருக்கிறது, பயிர் இருக்கிறது. சட்டத்தின் 75ஆம் பிரிவு காணித் தகராறு எது என்று அடுக்கும்போது பயிரிடும் உரிமையைச் சொல்கிறது, விளைச்சலின் உரிமையைச் சொல்கிறது, எல்லையைச் சொல்கிறது, அடுத்தவர் காணியூடாகப் போகும் வழி போன்ற உரிமைகளையும் சொல்கிறது. மேய்ச்சலை அந்தக் கடைசி வகைக்குள் இழுத்துக் கொண்டுவரக் கெட்டிக்காரச் சட்டத்தரணி ஒருவரால் முடியலாம். ஆனால் புல்லும் ஒரு விளைச்சல், மாடும் ஒரு கமக்காரன் என்று கொழும்பில் சட்டம் எழுதியவருக்குத் தோன்றவில்லை. நீதிமன்ற அறிவித்தலைக் காணியில் எல்லோருக்கும் தெரியும் இடத்தில் ஒட்ட வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. மயிலத்தமடுவில் அப்படி எல்லோரும் பார்க்கும் இடம் நாம்பனின் கொம்புதான்.

ஆகவே வருகிறவர் நாள் பார்த்து வருகிறார். பட்டி கிழக்கே போன காலத்தில் மேற்கே காடு வெட்டப்படுகிறது. மாரிக்கு மாடு திரும்பும்போது அங்கே சோளம் தலையாட்டிக்கொண்டு நிற்கிறது. மாடு சோளத்தில் வாய் வைக்கிறது. உடனே முறைப்பாடு: பயிரை அழித்தார்கள்! அமைதிக்குப் பங்கம்! வந்தவர் பாதிக்கப்பட்டவர், இருந்தவர் அத்துமீறியவர். இதைவிட அழகாக ஒரு நாடகத்தை எங்கள் அண்ணாவிமாரும் ஆட்டியதில்லை.

இது புதிதாக யாரோ கண்டுபிடித்த தந்திரமும் இல்லை. 1983 செப்டெம்பரில், யூலைக் கலவரத்தின் சாம்பல் ஆறுமுன், திம்புலாகலைப் பிக்குவின் தலைமையில் ஆயிரக்கணக்கானவர்களைக் கொண்டுவந்து மாதுறு ஓயாப் பக்கம், வடமுனையில் இறக்கினார்கள். பின்னால் நின்றவர்கள் மகாவலி அதிகாரிகள். இதை நான் இட்டுக்கட்டவில்லை. அந்த வேலையில் முன்னின்ற மலிங்க ஹர்மன் குணரத்ன 'ஃபோர் எ சொவரின் ஸ்டேட்' என்று 1988இல் ஒரு புத்தகமே எழுதி வைத்திருக்கிறார். பெருமையோடு எழுதியிருக்கிறார். அன்று எதிர்ப்பு வந்ததும் அரசாங்கம் அவர்களைத் திருப்பி அனுப்பியது. அதிலிருந்து அரசாங்கம் படித்த பாடம், ஒரேயடியாக இறக்கக் கூடாது, கொஞ்சம் கொஞ்சமாக இறக்க வேண்டும் என்பதுதான்.

2020இல் மறுபடி தொடங்கியது. அப்போது கிழக்கின் ஆளுநர் அனுராதா யஹம்பத். அவருடைய ஆசியோடுதான் பொலன்னறுவையிலிருந்தும் அம்பாறையிலிருந்தும் ஆட்கள் வந்து சோளம் போடுகிறார்கள் என்று பண்ணையாளர்களும் தமிழ் நாடாளுமன்ற உறுப்பினர்களும் குற்றம்சாட்டினார்கள். அந்த வருஷம் முடியுமுன்னே விஷயம் மேன்முறையீட்டு நீதிமன்றம் வரை போனது. மாடுகள் சுடப்பட்டன, வெட்டப்பட்டன, வாய்வெடி தின்று தாடை சிதறிச் செத்தன, மின்கம்பியில் விழுந்து விறைத்தன. பால்மாப் பெட்டி ஒன்றுக்காக மக்கள் வரிசையில் நின்ற அதே 2021, 2022 வருஷங்களில், வெளிநாட்டுப் பால்மாவுக்கு டொலர் இல்லை என்று அமைச்சர்கள் மூக்கால் அழுத அதே வருஷங்களில், கறவை மாட்டைச் சுடத் தோட்டாவுக்கு மட்டும் இந்த நாட்டில் தட்டுப்பாடு இருக்கவில்லை.

முறையிடப் போன பண்ணையாளர் யாரிடம் போவார்? கச்சேரிக்குப் போனால், அது மகாவலிக் காணி, எங்களுக்கு அதிகாரம் இல்லை. மகாவலிக்குப் போனால், அறிக்கை கேட்டிருக்கிறோம். பொலிஸுக்குப் போனால், காணி விஷயம் சிவில் விஷயம், நீதிமன்றம் போங்கள். நீதிமன்றம் போனால், தவணை. கடைசியில் ஜனாதிபதி. ஜனாதிபதியிடமும் போனார்கள்.

2023 ஓகஸ்ட் 22ஆம் திகதி நிலைமையைப் பார்க்கச் சர்வமதத் தலைவர்களும் ஊடகவியலாளர்களும் மயிலத்தமடு போனார்கள். ஒரு பிக்குவோடு வந்த கூட்டம் அவர்களைப் பல மணி நேரம் மறித்து வைத்தது. பார்க்கப் போனவர்களுக்கே அந்தக் கதி. செப்டெம்பர் நடுப்பகுதியில் பண்ணையாளர்கள் சித்தாண்டியில் வீதியோரம் கொட்டகை போட்டுக் குந்தினார்கள். ஓராண்டு கடந்தும் அந்தப் போராட்டம் முடியவில்லை. அதே 2023 ஒக்டோபரில் அப்போதைய ஜனாதிபதி ரணில் விக்ரமசிங்க புனித மிக்கேல் கல்லூரியின் 150ஆவது ஆண்டு விழாவுக்கு வந்தார். அவர் கண்ணில் படவேண்டுமென்று மக்கள் வீதியில் இறங்கினார்கள். அத்துமீறியவர்களை வெளியேற்ற ஜனாதிபதி பணித்தார் என்று சில நாளில் செய்தி வந்தது. நீதிமன்றக் கட்டளையும் வந்தது. வந்தவர்கள் போகவில்லை, போனவர்களும் திரும்பி வந்தார்கள் என்பதுதான் பண்ணையாளர்கள் அதற்குப் பிறகும் ஓயாமல் சொன்ன முறைப்பாடு.

ஆனால் அரசு கைகட்டி இருந்தது என்று பழி சொல்லக் கூடாது. நவம்பரில் நடவடிக்கை எடுத்தது. சித்தாண்டிக் கொட்டகைக்கு ஆதரவு சொல்லிவிட்டுத் திரும்பிய கிழக்குப் பல்கலைக்கழக மாணவர் சிலரைப் பிடித்து நீதிமன்றத்தில் நிறுத்தியது. ஒரு மாதம் முந்தி, மட்டக்களப்பு மங்களராமய விகாரையின் அம்பிட்டிய சுமணரதன தேரர் கமெரா முன் நின்று, தெற்கிலுள்ள தமிழரைத் துண்டு துண்டாக வெட்டுவோம் என்று முழங்கியிருந்தார். அமைதி குலையும் என்று கண்டறியும் பொலிஸாரின் மூக்கு அன்று எந்தப் பக்கம் மோந்துகொண்டிருந்தது?

இடைக்காலக் கட்டளை இந்த நாட்டில் மெதுவாகத்தான் நகரும் என்று நம்புகிறவர்கள் அதன் மற்ற முகத்தைப் பார்க்கவில்லை. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 106ஆம் பிரிவு. பொலிஸ் விண்ணப்பித்தால், மறுதரப்பைக் கூப்பிடாமலே, அன்றைக்கே தடை போடலாம். பதினான்கு நாள் செல்லும். 2021 பெப்ரவரியில் பொத்துவிலிலிருந்து பொலிகண்டிக்கு நடை போகிறோம் என்று அறிவித்ததும் ஊர் ஊராக நீதிமன்றங்களில் தடை கேட்டார்கள், சில இடங்களில் பெற்றார்கள். அந்த நடையில் தூக்கிய பதாகைகளில் மயிலத்தமடுவும் ஒன்று. நவம்பர் வந்தால் இறந்தவர்களுக்கு விளக்குக் கொளுத்தத் தடை கேட்டார்கள், செப்டெம்பர் வந்தால் நினைவுத் தூபி முன் நிற்கத் தடை கேட்டார்கள். பொலிஸாரின் விண்ணப்பத்தை மறுத்துத் திருப்பிய நீதவான்களும் இருந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். ஆனால் விண்ணப்பிக்கும் வேகத்தைக் கவனியுங்கள். விளக்கு எரியுமுன் தடை வந்துவிடும். காடு எரிந்து, சாம்பல் ஆறி, சோளம் விளைந்து, பொத்தி முறித்து, லொறியில் ஏற்றி, அடுத்த போகத்துக்கு விதை காயப்போட்ட பிறகும் மயிலத்தமடுக் கோப்பு மேசையில் காற்றாடிக் காற்றுக்குப் படபடத்துக்கொண்டு கிடக்கும்.

கட்டளை கிடைத்தாலும் என்ன? முல்லைத்தீவைக் கேளுங்கள். 2019 செப்டெம்பர் 23ஆம் திகதி, நீராவியடிப் பிள்ளையார் கோயில் கேணியடியில் பிக்கு ஒருவரின் உடலை எரிக்கக் கூடாது, வேறிடத்தில் எரியுங்கள் என்று நீதிமன்றம் சொன்னது. ஞானசார தேரரும் கூட்டமும் அன்றைக்கே, அங்கேயே எரித்தார்கள். பொலிஸார் நின்றார்கள். சட்டத்தரணிமாருக்கு அடி விழுந்தது. குருந்தூர் மலையில் கட்டட வேலையை நிறுத்துமாறு நீதிமன்றம் கட்டளையிட்ட பிறகும் கட்டடம் வளர்ந்தது. அந்த வழக்கைக் கேட்ட முல்லைத்தீவு நீதிபதி ரி.சரவணராஜா 2023 செப்டெம்பரில் உயிர் அச்சுறுத்தல் என்று எழுதிக் கொடுத்துப் பதவி விலகினார், நாட்டை விட்டும் போனார். கட்டளையை மீறியவர்கள் காணியில் இருந்தார்கள். கட்டளை போட்டவர் நாட்டில் இல்லை.

இதில் நாம் மட்டும் விசேஷமானவர்கள் என்று துக்கப்படத் தேவையில்லை. தில்லி ஜஹாங்கிர்புரியில் 2022 ஏப்ரல் 20ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றம் இடிப்பதை நிறுத்து என்றது. கட்டளை இன்னும் கைக்கு வரவில்லை என்று புல்டோசர் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடியது. தன்சானியாவின் லொலியொண்டோவில் மாசாய் மக்கள், எங்கள் பட்டிக்காரரைப் போலவே மாட்டோடு போய் மாட்டோடு வருகிறவர்கள். 2018இல் கிழக்கு ஆபிரிக்க நீதிமன்றத்தில் அவர்களை எழுப்பக் கூடாது என்று இடைக்காலக் கட்டளை வாங்கினார்கள். 2022 யூனில் அரசாங்கம் துப்பாக்கியோடு வந்து 1,500 சதுர கிலோமீற்றருக்கு எல்லைக்கல் நட்டது. செப்டெம்பர் கடைசியில் அவர்களுடைய வழக்கும் தள்ளுபடியானது. அவர்களுடைய இடைக்காலம் அத்தோடு முடிந்தது.

வெளியாரை ஏசுவது சுகமான வேலை, அதில் நின்றுவிட்டால் நானும் ஒரு மேடைப் பேச்சாளன். எழுவான்கரைப் பெருமக்களே, உங்களிடமும் வருகிறேன். வாவியோரக் கண்டலை இரவோடிரவாகத் தறித்து, கிரவல் கொட்டி, நாலு தென்னம்பிள்ளை நட்டு, மின்சாரப் பட்டியலை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு, அடுத்த மாதமே 'என் உடைமைக்குப் பங்கம்' என்று முறைப்பாடு எழுதுகிறவர் பொலன்னறுவையிலிருந்து வரவில்லை. நெற்றியில் திருநீறு இருக்கும், அல்லது தலையில் தொப்பி இருக்கும், அல்லது கழுத்தில் சிலுவை தொங்கும். தோணி கட்டிய துறையை இழந்த மீனவன் நீதிமன்றம் போனால் அவனிடமும் அதே கேள்வி: வேலி உண்டா? வாவியில் எவன் வேலி போடுவான்? பெரிய மனிதர் போட்டார், அதனால் அது அவருடையது. மயிலத்தமடுவுக்காக மேடையில் மாரடித்துவிட்டு வாவிக்கரையில் கிரவல் கொட்டுகிற அரசியல்வாதியைக் கண்டால் அந்தத் திம்புலாகலைப் பிக்கு அண்ணன் முறை கொண்டாடியிருப்பார்.

சோளம் போட வந்தவன் மீதும் எனக்குப் பெரிய கோபம் இல்லை. அவனும் ஊரில் காணியில்லாமல் வந்த ஏழை. விதை கொடுத்தவன் ஏழை இல்லை. உழவு இயந்திரம் அனுப்பியவன் ஏழை இல்லை. விளைந்த சோளத்தை லொறியில் ஏற்றிப் போகிறவன் ஏழை இல்லை. நாளைக்கு அரசியல் காற்று மாறினால் அந்த ஏழையையும் 7ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் ஒரு அறிவித்தல் கொடுத்து எழுப்புவார்கள். அந்தச் சட்டத்தில் நீதவான் முன் அவன் சொல்லக்கூடியது ஒன்றே ஒன்று: செல்லுபடியாகும் உத்தரவுப் பத்திரம் என்னிடம் இருக்கிறது. வேறு எந்த நியாயமும் எடுபடாது. சூறாவளியிலும், யுத்தத்திலும், 2004 டிசம்பர் 26ஆம் திகதிக் கடலிலும் உத்தரவுப் பத்திரத்தைப் பறிகொடுத்த எங்கள் ஆட்களை இந்தச் சட்டம் அப்படித்தான் எழுப்பியது. அரசு விரும்பியபோது அதற்கு நாள், நட்சத்திரம், தவணை எதுவும் தேவைப்படவில்லை. ஆகையால் மயிலத்தமடுவில் சட்டம் போதாமல் போய்விட்டது என்று யாரும் கதைவிட வேண்டாம். இவ்வளவு சட்டத்தையும் கட்டில் வைத்துக்கொண்டு எதை யாருக்கு எடுப்பது என்று தெரிவு செய்கிறவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் தெரிவு செய்தார்கள்.

பண்ணையாளர் கேட்பது பெரிய விஷயமும் இல்லை. அந்த நிலத்தை மேய்ச்சல் தரை என்று எல்லை குறித்து வர்த்தமானியில் போடுங்கள் என்கிறார்கள். ஒரு தாளில் ஒரு பந்தி. வாரம் தவறாமல் வர்த்தமானி அச்சடிக்கும் நாட்டில், பறவைக்குச் சரணாலயம், யானைக்குப் பூங்கா, இடிந்த கல்லுக்குத் தொல்லியல் எல்லை என்று ஒவ்வொன்றுக்கும் பிரகடனம் செய்யத் தெரிந்த நாட்டில், மாட்டுக்கு ஒரு பந்தி எழுத ஆள் இல்லையாம்.

வாசகரே, உங்களால் செய்யக்கூடிய ஒன்று இருக்கிறது, செலவும் அதிகமில்லை. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் உங்களுக்கும் சொந்தம். மகாவலி அதிகார சபைக்கு ஒரு விண்ணப்பம், மாவட்டச் செயலகத்துக்கு ஒன்று, பொலிஸுக்கு ஒன்று எழுதுங்கள். மயிலத்தமடு, மாதவனை தொடர்பாக வந்த ஒவ்வொரு நீதிமன்றக் கட்டளையும் எந்தத் திகதியில் கைக்குக் கிடைத்தது, எந்தத் திகதியில் நிறைவேற்றப்பட்டது, நிறைவேற்றும் பொறுப்பு எந்தப் பதவியில் இருந்த அதிகாரியிடம் இருந்தது என்று கேளுங்கள். பதினான்கு வேலை நாட்களுக்குள் அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் மேன்முறையீடு செய்யுங்கள். நீங்கள் ஒருவர் எழுதினால் கோப்புக்குள் வைப்பார்கள். செங்கலடியிலிருந்தும் சித்தாண்டியிலிருந்தும் கொக்கட்டிச்சோலையிலிருந்தும் ஆயிரம் பேர் எழுதுங்கள், வைக்கக் கோப்பு போதாது.